பிடிமண் கொடுத்தீர்களா?

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஊர்க்கலைகளையும் கண்காட்சிகளையும் பற்றியவை. பொங்கல் முடிந்து கோயில் திருவிழாக்கள் தொடங்கும் நேரம் என்பதால் இருக்கலாம். பக்கம் முழுவதையும் அதற்கே கொடுத்துவிட்டேன்.

கே: கண்காட்சி வைத்தால் அழிந்துவரும் கிராமக் கலை பிழைத்துவிடுமா?
கல்லூரி மாணவி, திருவாரூர்

ப: கண்காட்சி வெற்றிலை பாக்கு மாற்றுவது மாதிரி. அன்றைக்கே கல்யாணம் முடிந்துவிட்டதாக நினைத்துப் பந்தலைப் பிரித்தால் எப்படி? பார்க்க வந்த ஆயிரம் பேரில் பத்துப் பேர் முன்பணம் கொடுத்து வேலை சொல்லிவிட்டுப் போனால் அந்தக் கண்காட்சி வெற்றி. ஆயிரம் பேரும் படம் பிடித்துக்கொண்டு மட்டும் போனால், கலைஞர் கைக்காசு போட்டு ஊர் திரும்பியதுதான் மிச்சம்.

கே: சென்னையில் புதிதாக வீடு கட்டியிருக்கிறோம். வரவேற்பறையில் அய்யனார் கோயில் மண்குதிரை ஒன்றை வைக்க ஆசை. பழையதாகக் கிடைக்குமா?
இல்லத்தரசி, மடிப்பாக்கம்

ப: பழையது வேண்டாம் அம்மா. கோயில் காட்டில் நிற்கிற குதிரை யாரோ ஒருவருடைய நேர்த்திக்கடன். பிள்ளை பிழைத்ததற்கு ஒன்று, கிணறு ஊறியதற்கு ஒன்று, காணாமல் போன மாடு திரும்பி வந்ததற்கு ஒன்று. அதைத் தூக்கி வந்து சோபாவுக்குப் பக்கத்தில் நிறுத்தினால், வேறொருவர் சாமிக்குச் சொன்ன நன்றியை எடுத்துக்கொண்டதாக ஆகும்.

புதியது வாங்குங்கள். அதற்கு முன் புதுக்கோட்டை, சிவகங்கைப் பக்கம் போய், அய்யனாருக்கு மண்குதிரை செலுத்தும் புரவி எடுப்பை ஒருமுறை பார்த்துவிடுங்கள். ஊர் கூடி நாள் குறிக்கும். ஊர்ப் பெரியவர் ஒரு கைப்பிடி மண்ணை எடுத்து, மண்பாண்டம் வனையும் வேளார் கையில் கொடுப்பார். அதற்குப் பெயர்தான் பிடிமண். அந்த ஒரு பிடியில் வேலைக்கான உத்தரவு இருக்கிறது, கூலிக்கான உறுதி இருக்கிறது, எங்கள் சாமிக்கு வாகனம் உன் கையால்தான் வர வேண்டும் என்கிற மரியாதையும் இருக்கிறது. அதன்பிறகு வேளார் கண்மாய் மண்ணை எடுத்து, மணலும் வைக்கோலும் கலந்து மிதித்து, நான்கு கால்களை முதலில் உருளை உருளையாக எழுப்பி, மேலே உடம்பை வளர்த்து, கழுத்தில் மணியும் மாலையும் ஒட்டிச் சூளையில் சுடுவார். எடுப்பு நாளில் இளவட்டங்கள் தோள் கொடுத்துத் தூக்க, கொட்டு முழக்கத்தோடு குதிரை புறப்படும். கண் திறந்த பிறகுதான் அது குதிரை. அதுவரை மண்.

கோயிலில் வைத்த பிறகு அதை யாரும் பூட்டிக் காப்பாற்றுவதில்லை. வெயிலும் மழையும் தின்னும். காது உதிரும், கால் விரியும், முதுகில் செடி முளைக்கும். அடுத்த எடுப்புக்குப் புதுக் குதிரை வரும். பழையது உடைந்துகொண்டே இருந்ததால்தான் வேளாரின் மகனும் பேரனும் சக்கரத்தையும் சூளையையும் விடாமல் இருந்தார்கள்.

உங்கள் வீட்டுக் குதிரைக்கும் நீங்களே ஒரு பிடிமண் கொடுங்கள். வேளார் தெருவுக்குப் போய் அளவு சொல்லி, முன்பணம் கொடுத்து, சூளை பிரிக்கும் நாள்வரை காத்திருந்து வாங்கி வாருங்கள். வீட்டுக்கு வருகிறவர்கள் கேட்டால் செய்தவர் பெயரைச் சொல்லுங்கள்.

கே: எங்கள் ஊர் அய்யனாருக்குச் சிமெண்ட் குதிரை வைத்து எனாமல் பெயிண்ட் அடித்துவிட்டார்கள். உறுதியாகத்தானே இருக்கிறது, அதில் என்ன தவறு?
விவசாயி, ஆலங்குடி

ப: சிமெண்ட் குதிரை அறுபது வருஷம் நிற்கும். அந்த அறுபது வருஷமும் வேளாருக்கு வேலை இல்லை. பெரிய குதிரை இருக்கட்டும், அதை இடிக்கச் சொல்லவில்லை. ஆனால் வருஷா வருஷம் நேர்த்திக்கடனுக்கு வைக்கிற சின்னக் குதிரை, மதலை, நாகம் இவற்றை மண்ணிலேயே வேளாரிடம் வாங்கி வையுங்கள். கண்மாய் மண் எடுக்க அவர் அலுவலகம் அலுவலகமாக நடக்கும்போது ஊர்க்காரர் நாலு பேர் கூடப் போய் நில்லுங்கள்.

கே: வெளிநாட்டில் எங்காவது கலைக் கண்காட்சியால் ஒரு கிராமம் பலன் அடைந்திருக்கிறதா? ஆதாரத்தோடு சொல்லுங்கள்.
ஓய்வுபெற்ற வங்கி ஊழியர், கோவை

ப: ஜப்பானுக்குப் போவோம் வாருங்கள். நீகாத்தா மாநிலத்தில் எச்சிகோ-சுமாரி என்று ஒரு மலைவட்டாரம். 760 சதுர கிலோமீட்டர் பரப்பு, அதில் சுமார் 200 ஊர்கள். படிக்கட்டு வயல், பேர்பெற்ற அரிசி, குளிர்காலத்தில் ஆள் உயரத்தைத் தாண்டிக் கொட்டுகிற பனி. பிள்ளைகள் நகரத்துக்குப் போய்விட்டார்கள். வயதானவர்கள் கூரையிலிருந்து பனியை அள்ளித் தள்ளிக்கொண்டு ஊரில் கிடந்தார்கள். பள்ளிக்கூடங்கள் ஒவ்வொன்றாக மூடின.

2000-இல் ஃபுராம் கிதாகாவா என்பவர் முன்னின்று, அங்கே மூன்று ஆண்டுக்கு ஒருமுறை நடக்கும் கலைவிழாவைத் தொடங்கினார். பெரிய அரங்கம் ஒன்று கட்டி எல்லாவற்றையும் அதற்குள் அடைக்கவில்லை. வயலில், கைவிட்ட வீட்டில், மூடிய பள்ளியில் என்று படைப்புகளை வட்டாரம் முழுக்கப் பரப்பினார். பார்க்க வருகிறவர் ஊர் ஊராக அலைந்தே தீர வேண்டும். அலைந்தால் பசிக்கும். பசித்தால் அந்த ஊர்ப் பெண்கள் சமைத்ததைச் சாப்பிட வேண்டும். சாப்பிட்டால் பேச்சுக் கொடுக்க வேண்டும். அவர் போட்ட வழி அப்படி.

ஊர்க்காரர்கள் உடனே தலையாட்டிவிடவில்லை. பொதுப்பணத்தில் இதெல்லாம் எதற்கு என்று எதிர்த்தார்கள். ஆண்டுக்கணக்கில் ஊர் ஊராகக் கூட்டம் போட்டுப் பேசித்தான் முதல் விழா நடந்தது. முதல் விழாவில் மட்சுதாய் என்ற இடத்தில் இல்யா கபகோவ், எமிலியா கபகோவ் தம்பதி ஒரு படிக்கட்டு வயலில் உழவு, விதைப்பு, நடவு, களையெடுப்பு, அறுப்பு என்று உழவர் உருவங்களை நிறுத்தினார்கள். எதிரே மேடையில் நின்று பார்த்தால், கண்முன் தொங்கும் எழுத்து வரிகள் தூரத்து உருவங்களோடு பொருந்தி, வயலே ஒரு படப்புத்தகமாக விரியும். முன்னோர் வயல் என்று நிலத்துக்காரர் முதலில் மறுத்ததையும், வரைந்து காட்டிய பிறகு இசைந்ததையும் இன்றைக்கும் சொல்கிறார்கள். உழவன் பட்ட பாட்டைத்தான் அந்தப் படைப்பு சொல்கிறது. அவர் இசைந்ததில் எனக்கு வியப்பில்லை.

எனக்கு மிகவும் பிடித்தது ஒரு பள்ளிக்கூடம். சானதா தொடக்கப் பள்ளியில் கடைசியாக மிஞ்சியவர்கள் மூன்று பிள்ளைகள். பள்ளி மூடியது. படப்புத்தக ஓவியர் செய்சோ தஷிமா அந்த மூன்று பிள்ளைகளையே கதைமாந்தராக்கி, கரையொதுங்கிய மரத்துண்டுகளாலும் கொட்டைகளாலும் உருவங்கள் செய்து, வகுப்பறை வகுப்பறையாக நடந்து வாசிக்கிற புத்தகமாகப் பள்ளியை மாற்றினார். 2009-இல் திறந்தார்கள். நம் ஊரில் பிள்ளை இல்லாமல் பூட்டிக் கிடக்கும் பள்ளிகளைக் கடந்து போகும்போதெல்லாம் எனக்கு அந்த மூன்று பிள்ளைகளின் நினைவு வரும்.

சரி, போனவர்கள் எல்லோரும் திரும்பி வந்துவிட்டார்களா? இல்லை. மக்கள்தொகை இன்னும் குறைந்துகொண்டுதான் இருக்கிறது. ஆனால் விழாவுக்காக வந்து பழகிய வெளியூர் இளைஞர்கள், 2004 நிலநடுக்கத்தில் அந்த வட்டாரம் குலுங்கியபோது உதவிக்கு ஓடி வந்தார்கள். கடன் வாங்கியாவது கல்யாணத்துக்கு வருகிறவனைவிடத் துக்கத்துக்கு வருகிறவனை நம் ஊர் பெரிதாக மதிக்கும். நான் கேள்விப்பட்ட ஆதாரங்களில் எனக்குப் போதுமானது அது.

கே: கலைஞர்களுக்குச் சால்வை போர்த்துவது பற்றி?
நூலகர், நாமக்கல்

ப: பேசிய தொகையை உறையில் போட்டுக் கொடுத்துவிட்டுப் போர்த்துங்கள்.

கே: நம் நாட்டில் அரசாங்கம் தலையிட்டு ஒரு கிராமக் கலை பிழைத்ததாக உண்டா?
போட்டித் தேர்வு மாணவர், விருதுநகர்

ப: உண்டு. பிகாரின் மதுபனி. அங்கே பெண்கள் தலைமுறை தலைமுறையாக வீட்டுச் சுவரில், அதிலும் மணமக்கள் அறைச் சுவரில், தாமரையும் மூங்கிலும் மீனும் வரைந்துவந்தார்கள். அது வீட்டுக்குள் இருந்தது, வெளியார் கண்ணில் படவில்லை. 1934 நிலநடுக்கத்தில் வீடுகள் இடிந்து உட்சுவர்கள் வெளியே தெரிந்தபோது, சேதம் பார்க்கப் போன ஆங்கில அதிகாரி டபிள்யூ. ஜி. ஆர்ச்சர் அந்த ஓவியங்களைக் கண்டார். 1949-இல் 'மார்க்' இதழில் அதைப் பற்றி எழுதினார். ஆனால் எழுதியதால் அந்தப் பெண்களின் அடுப்பு எரிந்துவிடவில்லை.

1966, 67-இல் கடும் வறட்சி வந்தது. அகில இந்தியக் கைவினை வாரியத்தில் இருந்த புபுல் ஜெயகர், பாஸ்கர் குல்கர்னி என்ற ஓவியரை மதுபனிக்கு அனுப்பினார். அவர் வீடு வீடாகப் போய்க் காகிதம் கொடுத்து, சுவரில் வரைவதை இதில் வரையச் சொன்னார். வரைந்ததற்குக் காசு கொடுத்தார்கள். பிடிமண் என்றேனே, அங்கே அது காகிதமாக வந்தது. ஜிதவார்பூர் ஜகதம்பா தேவிக்கு 1975-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. பிறகு சீதா தேவி, கங்கா தேவி என்று வரிசை நீண்டது. மீனவச் சமூகத்தில் பிறந்து, ஓவியர் மகாசுந்தரி தேவியின் வீட்டில் வேலை செய்தபடியே வரையக் கற்றுக்கொண்ட துலாரி தேவி 2021-இல் அதே பத்மஸ்ரீயை வாங்கினார். சுவர் காகிதமானதும், உயர்சாதி வீட்டு அறைக்குள் இருந்த கலை எல்லாப் பெண்களுக்கும் திறந்தது. மதுபனியில் எனக்கு மகிழ்ச்சி தருவது ஏற்றுமதியைவிட இதுதான்.

இன்னொரு சேதி. மேலே சொன்ன அதே எச்சிகோ-சுமாரி வட்டாரத்தில், தொகாமாச்சியில், மூடிய பள்ளி ஒன்றில், மிதிலா ஓவியம் என்றும் சொல்லப்படும் இந்த மதுபனி ஓவியங்களுக்கென்றே ஓர் அருங்காட்சியகம் இருக்கிறது. தொக்கியோ ஹசேகாவா 1982-இல் தொடங்கினார். நம் பெண்கள் அங்கே தங்கி வரைந்திருக்கிறார்கள். அங்கே ஒரு துயரமும் நடந்தது. மத்தியப் பிரதேசத்தின் பாட்டன்கரைச் சேர்ந்த ஜங்கர் சிங் ஷ்யாம், வீட்டுச் சுவரில் வரைந்துகொண்டிருந்தவர். ஓவியர் ஜே. சுவாமிநாதன் போபால் பாரத் பவனுக்கு அழைத்து வந்தார். 1989-இல் பாரிஸ் கண்காட்சிவரை போனார். 2001-இல் தொகாமாச்சி அருங்காட்சியகத்தில் தங்கி வரைந்துகொண்டிருந்தபோது தன் உயிரைத் தானே முடித்துக்கொண்டார். நாற்பது வயதுகூட ஆகவில்லை. யார்மேலும் தீர்ப்புச் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. கலைஞரைத் தூரதேசம் அனுப்புகிறவர்களிடம் ஒரே ஒரு வேண்டுகோள்: அவருடைய மொழி பேசுகிற ஒருவரைத் துணைக்கு அனுப்புங்கள், திரும்புகிற பயணச்சீட்டை அவர் கையிலேயே கொடுங்கள்.

கே: விடிய விடிய ஆடும் கூத்தை ஒன்றரை மணி நேரமாகச் சுருக்கி அரங்கில் போடுவது மீட்பா, வெட்டா?
ஆசிரியர், மட்டக்களப்பு

ப: இந்தக் கேள்வியை உங்கள் ஊரைவிட ஆழமாக யாரும் பேசியதில்லை. இருந்தும் என்னிடம் கேட்டதற்கு நன்றி ஐயா.

சிங்கள நாடகாசிரியர் சரச்சந்திர 1956-இல் 'மனமே'யை மேடையேற்றியபோது, அந்த நாடகமரபின் வேரில் தமிழ்க் கூத்து இருப்பதைப் பலரும் உணர்ந்தார்கள். பேராதனையில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் மட்டக்களப்புக் கூத்தை எடுத்து, சுருக்கி, மேடைக்கேற்றபடி செம்மைப்படுத்தினார். 1962-இல் 'கர்ணன் போர்' வந்தது. 'இராவணேசன்', 'வாலி வதை' தொடர்ந்தன. நாட்டுப்புறத்தான் ஆட்டம் என்று ஒதுக்கிய படித்தவர்கள் இருக்கை நுனியில் உட்கார்ந்து பார்த்தார்கள். அது சாதாரணக் காரியம் இல்லை. அன்றைக்கு அதைச் செய்யாமல் இருந்திருந்தால் கூத்தைப் பற்றி இன்று பல்கலைக்கழகத்தில் ஒரு பாடம்கூட இருந்திருக்காது.

ஆனால் வட்டக்களரியில் ஆடியவர் நான்கு பக்கமும் பார்வையாளரைப் பார்த்து ஆடினார். படச்சட்ட மேடையில் ஒரு பக்கம்தான் மிஞ்சுகிறது. வடமோடி என்கிற கூத்து வகையின் சுற்றுகள் எதற்காகப் பிறந்தனவோ அந்த வட்டமே போய்விடுகிறது. சட்டங்கொடுத்தல், சதங்கை அணிதல், மாதக்கணக்கான பழக்கம், ஊரே கூடி நடத்தும் அரங்கேற்றம், இவை எல்லாம் அந்த ஒன்றரை மணி நேரத்துக்கு வெளியே நின்றுவிடுகின்றன. அதனால்தான் சி. ஜெயசங்கரும் மூன்றாவது கண் குழுவினரும் சீலாமுனையில் செய்த கூத்து மீளுருவாக்கம் என் மனதுக்கு நெருக்கமாக இருக்கிறது. அவர்கள் கூத்தை ஊரைவிட்டு வெளியே எடுக்கவில்லை. கூத்து ஆசானான அண்ணாவியாரோடும் ஊர்ப்பிள்ளைகளோடும் உட்கார்ந்து, கதையில் பெண்கள் எப்படி வருகிறார்கள், சாதி எப்படி வருகிறது என்று பேசி, மாற்ற வேண்டியதை ஊர்க்காரர்களே மாற்றி, அதே களரியில் ஆடினார்கள்.

இந்தக் கரையிலும் ஓர் எடுத்துக்காட்டு உண்டு. திருவண்ணாமலை மாவட்டம் புரிசையின் தெருக்கூத்து சென்னை நாடகக்காரர்களை அசைத்தது. நடேச தம்பிரானின் ஆட்டத்தைப் பார்த்த ந. முத்துசாமி 1977-இல் கூத்துப்பட்டறை தொடங்கினார். தம்பிரான்களின் புரிசைக் குடும்பம் நகரத்துக்கு வந்து ஆடும், வெளிநாடு போகும், ஊருக்குத் திரும்பிக் கண்ணப்ப தம்பிரான் நினைவாக விடிய விடிய விழாவும் நடத்தும். அதே குடும்பத்துக் கண்ணப்ப சம்பந்தன் 2025-இல் பத்மஸ்ரீ பெற்றார். ஊரில் முழு இரவு ஆட்டம் நடந்துகொண்டிருக்கும்வரை நகரத்தில் ஒன்றரை மணி நேரம் ஆடுவதில் எனக்கு வருத்தமில்லை. ஊரில் நின்றுபோய், நகரத்துச் சுருக்கம் மட்டும் மிஞ்சுகிற நாளை நினைத்தால்தான் தூக்கம் வரவில்லை.

கே: நீங்கள் எல்லாம் பறையைத் தமிழர் கலை என்று மேடையேற்றுகிறீர்கள். என் தாத்தா அதை அடிக்கமாட்டேன் என்று மறுத்துத்தான் தலைநிமிர்ந்தார். என்ன சொல்கிறீர்கள்?
ஆய்வு மாணவர், விழுப்புரம்

ப: உங்கள் தாத்தா காலைத் தொட்டு வணங்குகிறேன். பறையைச் சாவு வீட்டுக்கு என்று ஒதுக்கி, ஒரு சாதியின் தலையில் கட்டி, கூலி கேட்டால் சோற்றைக் கொடுத்து அனுப்பியது ஊர். அந்தக் கட்டாயத்தை மறுத்ததும் பறையின் வரலாறுதான். பறைக் கண்காட்சி வைக்கிற யாரும் அந்த மறுப்பையும் சுவரில் எழுதி வைக்க வேண்டும்.

இன்று பறையை எடுப்பவர்களும் அந்த வரலாற்றைத் தெரிந்தேதான் எடுக்கிறார்கள். திண்டுக்கல்லின் சக்தி கலைக்குழுவில் ஒடுக்கப்பட்ட சமூகத்துப் பெண்கள் தோளில் பறையை மாட்டி நின்றபோது, சாதி ஒரு பக்கமும் ஆண் என்ற எண்ணம் ஒரு பக்கமும் அதிர்ந்தன. மதுரை வேலு ஆசான் எத்தனையோ பேருக்கு அடி சொல்லிக்கொடுத்து 2025-இல் பத்மஸ்ரீ வாங்கினார். எல்லாச் சாதிப் பிள்ளைகளும் தோலைத் தீயில் காய்ச்சி, சிண்டும் அடிக்குச்சியும் பிடித்துக் கற்றுக்கொள்கிறார்கள்.

ஒன்று மட்டும் நடக்கவே கூடாது. மேடையில் ஐ.டி. கம்பெனிப் பிள்ளை அடித்தால் கலை, அதே வாரத்தில் தெருவில் ஒரு முதியவர் அடித்தால் தொழில் என்று நாம் பிரித்துப் பார்க்கக் கூடாது. அந்த முதியவரைத்தான் ஆசான் என்று அழைத்து, நாற்காலி போட்டு, பேசிய தொகையை முதலில் கொடுக்க வேண்டும். உங்கள் வீட்டில் யாரும் பறையைத் தொடவே வேண்டாம் என்று நீங்கள் முடிவெடுத்தால் அதையும் நான் மதிக்கிறேன்.

கே: புவிசார் குறியீடு கிடைத்துவிட்டால் கைவினைஞர் பிழைத்துக்கொள்வாரா?
தொழில் பயிற்சி மாணவர், கும்பகோணம்

ப: உங்கள் ஊருக்குப் பக்கத்திலேயே பதில் இருக்கிறதே. நரசிங்கம்பேட்டை நாகஸ்வரத்துக்கு 2022-இல் குறியீடு கிடைத்தது. வேறு யாரும் அந்தப் பெயரைப் போட்டு விற்க முடியாது, நல்லது. ஆனால் நாகஸ்வரம் கடைய நன்றாக உலர்ந்த ஆச்சா மரம் வேண்டும். பழைய வீடுகளைப் பிரிக்கும்போது கிடைக்கிற உத்தரமும் தூணும்தான் அதற்கு வாகு. மரம் தேடி அலைகிற ஆசாரிக்குக் குறியீடு மரம் கொடுக்காது. அதைவிட, கல்யாணத்தில் ஒலிபெருக்கிக்கு லட்சம் செலவழிக்கிறவர்கள் நாகஸ்வரக்காரர் நாலு பேரை அழைத்தால் ஆசாரி வீட்டில் கடைசல் நிற்காது. கருப்பூர் கலம்காரிக்கு 2021-இல் குறியீடு வந்தது. தேர்ச்சீலைக்கும் தொம்பைக்கும் கோயில்கள் வேலை சொன்னால்தான் அந்தத் தூரிகை ஈரமாக இருக்கும்.

கே: என் மகன் தோல்பாவைக் கூத்தைப் பார்க்கவே மாட்டேன் என்கிறான். கைப்பேசிதான்.
தாய், நாகர்கோவில்

ப: திரைக்கு முன்னால் உட்கார வைக்காதீர்கள். பாவைக்காரரிடம் கேட்டுத் திரைக்குப் பின்னால் அனுப்புங்கள். விளக்கு வெளிச்சத்தில் உளுவத்தலையன் கையை அவனே ஆட்டட்டும். அப்புறம் கைப்பேசியை நீங்கள் எடுத்துக் கொடுத்தால்தான் உண்டு.

கே: எங்கள் ஊர் இளைஞர் மன்றம் சார்பில் பழம்பொருள், கைவினைக் கண்காட்சி ஒன்று நடத்தப் போகிறோம். முதல்முறை. என்ன செய்ய வேண்டும், எதைச் செய்யக் கூடாது?
இளைஞர் மன்றத்தார், தேவகோட்டை அருகே

ப: மனம் நிறைந்த வாழ்த்துகள். மண்டபம் தேடாதீர்கள். ஊர் மந்தை இருக்கிறது, பழைய வீட்டுத் திண்ணை இருக்கிறது, பள்ளி வராந்தா இருக்கிறது. மூன்றையும் சேருங்கள். வருகிறவர்கள் தெருவில் நடக்கட்டும்.

பொருள் கேட்டு வீடு வீடாகப் போகும்போது உங்களில் ஒரு பெண் கட்டாயம் இருக்க வேண்டும். ஆண்கள் போனால் மரக்காலும் ஏர்க்கலப்பையும் கமலைச் சாலும் வரும். பெண் போனால்தான் பரணில் இருக்கிற மத்து, திருகை, பல்லாங்குழி, அரிவாள்மனை, தாலாட்டுப் பாட்டு எழுதின நோட்டு எல்லாம் கீழே இறங்கும். வாங்கும்போதே நோட்டில் எழுதி, கையெழுத்துப் போட்டு, திருப்பித் தரும் தேதியைச் சொல்லிவிடுங்கள். பூஜையில் இருக்கிற பொருளைக் கேட்காதீர்கள். நூறு வருஷத்துப் பொருளுக்காக அண்ணன் தம்பி சண்டை வந்துவிடக் கூடாது.

ஒவ்வொரு பொருளுக்குப் பக்கத்திலும் ஓர் அட்டை. பொருளின் பெயரை உங்கள் ஊர் எப்படிச் சொல்லுமோ அப்படியே எழுதுங்கள். செய்தவர் பெயர், கொடுத்த வீட்டார் பெயர் இரண்டும் அவசியம். நகரத்துக் கண்காட்சி ஒன்றில் ஒரு மண்பானையின் கீழ், செய்தவர் பெயர் தெரியவில்லை என்று எழுதியிருந்தார்கள். அந்தப் பானையைச் செய்தவர் வீட்டில் நான் அதற்கு ஆறு மாதம் முன்புதான் மோர் குடித்திருந்தேன். ஒருவர் பேருந்து ஏறிப் போய்க் கேட்டிருந்தால் தெரிந்திருக்கும்.

பொருள் மட்டும் இருந்தால் பழைய சாமான் கடை ஆகிவிடும். கைவேலை நடக்க வேண்டும். உங்கள் பக்கத்துக்கு ஓலைக் கொட்டான் இருக்கிறது. காரைக்குடியில் மறந்துபோகும் நிலையில் இருந்த அந்தப் பின்னலை ஓர் அறக்கட்டளை எடுத்து, பெண்களுக்குச் சொல்லிக்கொடுத்து, அவர்கள் கையில் மாதவருமானமாக மாற்றியிருக்கிறது. பின்னுகிற பாட்டியை உட்கார வைத்து, அவர் முன்னால் பத்துச் சிறுமிகளை உட்கார வையுங்கள். பாட்டிக்கு மூன்று நாள் கூலி கொடுங்கள். சொந்த ஊர்தானே என்று சும்மா வரச் சொல்லாதீர்கள்.

தொடக்க விழாவுக்கு வெளியூர் விருந்தினரை அழைத்தால், நாடாவை அவர் வெட்ட வேண்டாம். உங்கள் ஊரில் வயதில் மூத்த கைவினைஞர் யாரோ, அவர் வெட்டட்டும். சேரித் தெருக்காரர்களின் கைவேலை கண்காட்சியில் கடைசி மேசைக்குப் போய்விட்டதா என்று முதல் நாளே ஒரு சுற்றுச் சுற்றிப் பாருங்கள். முடியும் நாளில் ஒரு நோட்டை எடுத்து எண்ணுங்கள். எத்தனை பேர் வந்தார்கள் என்பதை விட்டுவிட்டு, எத்தனை பேர் வேலை சொன்னார்கள் என்று எண்ணுங்கள்.

கே: என் பாட்டி போடும் கோலம் கலையா?
பள்ளி மாணவி, சிதம்பரம்

ப: ஆமாம் கண்ணு. தினமும் புதிதாகப் போட்டு, தினமும் கால்பட்டு அழிந்து, மறுநாள் நினைவிலிருந்தே மறுபடி பிறக்கிறது. ஒரு நோட்டு வாங்கி, பாட்டிக்குத் தெரிந்த புள்ளிக் கணக்கை எல்லாம் எழுதிக்கொள். இன்றைக்கே.

கே: சென்னை சங்கமம் மாதிரி நகரத்தில் நடக்கும் விழாக்களால் கிராமத்துக்கு என்ன லாபம்?
அரசு ஊழியர், ஈரோடு

ப: 2007 பொங்கலுக்கு முதல் சங்கமம் நடந்தபோது, பூங்காவிலும் தெருமுனையிலும் நின்று பார்த்தவர்களில் பாதிப்பேர் கிராமத்திலிருந்து வந்தவர்களின் பிள்ளைகள். அப்பாவின் ஊரில் கேட்ட தவிலை நகரத்தில் கேட்டு நின்றுவிட்டார்கள். இடையில் பல ஆண்டுகள் நின்று, 2023-இல் மறுபடி தொடங்கியது. கலைஞருக்குக் கூலியும் தொடர்பும் கிடைக்கிறது. அதை நான் வரவேற்கிறேன். கூடுதலாக ஒன்று கேட்கிறேன். நகரத்தில் பார்த்தவர்களை மறுமாதம் அந்தக் கலைஞரின் ஊருக்கே அழைத்துப் போகும் பேருந்து ஒன்று விடலாமே.

உங்கள் வட்டாரத்தையே பாருங்கள். வள்ளிக் கும்மி எந்த அருங்காட்சியகத்தின் உதவியும் இல்லாமல் எழுந்தது. தேக்கம்பட்டி பத்திரப்பன் ஆண்கள் மட்டும் ஆடிவந்த ஆட்டத்தைப் பெண்களுக்கும் கற்றுக்கொடுத்தார். 2024-இல் பத்மஸ்ரீ வந்தது. இன்று கோவை, திருப்பூர், ஈரோட்டில் பேத்தியும் பாட்டியும் ஒரே வரிசையில் கும்மி அடிக்கிறார்கள். அதைப் பார்க்கும்போது கண் நிறைகிறது. அந்தக் கும்மி ஏதாவது ஒரு சாதியின் அடையாளமாகச் சுருங்கிவிடக் கூடாதே என்ற கவலையும் எனக்கு உண்டு. முருகனும் வள்ளியும் சாதி கேட்டுக் கல்யாணம் செய்துகொண்டவர்கள் இல்லை. வட்டத்தில் எல்லோருக்கும் இடம் விடுங்கள்.

கே: வேலை காரணமாக ஆண்டில் ஓர் இரவுதான் ஒதுக்க முடியும். எங்கே போகட்டும்?
மென்பொருள் பொறியாளர், ஓசூர்

ப: பங்குனியிலிருந்து ஆடிக்குள் வடமாவட்டங்களில் ஏதாவது ஒரு திரௌபதி அம்மன் கோயில் ஊருக்குப் போங்கள். செய்யாறு, செஞ்சி, காஞ்சிபுரம் பக்கம் விசாரித்தால் சொல்வார்கள். பாரதக் கூத்தின் கடைசி இரவாகப் பார்த்துப் போங்கள். பாயும் போர்வையும் எடுத்துக்கொள்ளுங்கள். ஒன்பது மணிக்கு மேல் அரிதாரக்காரர்கள் முகத்துக்கு முத்துவெள்ளை தீட்டுவதிலிருந்தே பார்க்கலாம், கேட்டால் விடுவார்கள். முன்வரிசையில் பிள்ளைகள் தூங்கி விழும். தூங்கினால் பரவாயில்லை, துரியோதனன் வரும்போது பாட்டிமார் தட்டி எழுப்பிவிடுவார்கள்.

விடிந்ததும் பேருந்தைப் பிடிக்க ஓடாதீர்கள். கோயில் திடலில் ஊர்க்காரர்கள் மண்ணைக் குழைத்துத் துரியோதனனைப் படுக்க வைத்திருப்பார்கள். ஆள் உயரத்தைவிடப் பல மடங்கு நீளம். மீசை, கிரீடம், மார்பு எல்லாம் வண்ணம் தீட்டி, வானத்தைப் பார்த்துக் கிடப்பான். இரவெல்லாம் ஆடிய பீமனும் துரியோதனனும் வேஷம் கலைக்காமல் அந்த மண்ணுடலைச் சுற்றி வருவார்கள். தொடையில் அடி விழும். பாஞ்சாலி கூந்தலை முடிவாள். கூட்டத்தில் பெண்கள் அழுவார்கள், நீங்களும் அழலாம். அது முடிந்ததும் ஊரே குனிந்து அவன் உடம்பிலிருந்து ஆளுக்கொரு பிடி மண்ணை அள்ளிக்கொண்டு வயலுக்கும் நெற்குதிருக்கும் போகும். உங்களுக்கும் ஒரு பிடி கொடுப்பார்கள். கைக்குட்டையில் முடிந்துகொள்ளுங்கள்.